விளையாட்டுத் தமிழும் அசைவூட்ட நகைச்சுவைகளும்: டெலானிபூரை முன்வைத்து

குழந்தைகளுக்கான அசைவூட்ட நகைச்சுவைப் படங்களைப் பற்றித் தமிழில் எழுந்துள்ள கருத்துரைகள் பெரும்பாலும் இரண்டு வினாக்களைச் சுற்றியே அமைகின்றன. படம் நற்பண்பைக் கற்பிக்கிறதா என்பது ஒன்று. குழந்தை எத்தனை மணிநேரம் திரைமுன் அமர்ந்திருக்கிறது என்பது மற்றொன்று. இரண்டும் பெற்றோருக்குரிய வினாக்கள், தேவையானவையே. ஆயினும் மொழியியலாரும் மொழிபெயர்ப்பாளரும் கேட்க வேண்டிய வினா ஒன்று கேட்கப்படாமலே உள்ளது. அப்படங்களில் வரும் குழந்தைகள், பெரியவர் எவரும் அருகில் இல்லாதபோது, தமக்குள் எந்தத் தமிழில் பேசிக்கொள்கின்றனர்? அது விளையாடும் குழந்தையின் தமிழா, அன்றிக் குழந்தையின் வாயில் வைக்கப்பட்ட பெரியவரின் தமிழா?

மதுரையிலோ திருநெல்வேலியிலோ இவ்வினாவிற்கான விடை பிழையாக அமைந்தால் இழப்பு சிறிது. தெருவில் இறங்கினால் குழந்தைக்கு விளையாட்டுத் தமிழ் கிடைத்துவிடும். அடுக்குமாடிக் குடியிருப்புகளில் வளரும் குழந்தைக்கு இதுவும் ஐயத்திற்குரியதே. அந்தமானின் டெலானிபூரில் நிலைமை அடிப்படையிலேயே வேறு.

தீவின் மொழிநிலை

2024 செப்டம்பரில் ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் மாற்றம் அறிவிக்கப்பட்ட போர்ட் பிளேர் நகரின் ஒரு பகுதி டெலானிபூர். அபர்டீன், ஹேடோ, பீனிக்ஸ் பே, ஜங்லிகாட் என ஆங்கிலமும் இந்துஸ்தானியும் கலந்த இடப்பெயர்களே அந்நகரின் வரலாற்றைக் காட்டிவிடும். 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கின்படி அந்தமான் நிக்கோபார் தீவுகளில் வங்காளத்தைத் தாய்மொழியாகக் கொண்டோர் 28 விழுக்காட்டிற்குச் சற்று மேல். இந்தி ஏறத்தாழ 19. தமிழ் ஏறத்தாழ 15. தெலுங்கு ஏறத்தாழ 13. அடுத்து நிக்கோபாரி மொழிகளும் மலையாளமும் வருகின்றன. சோட்டா நாக்பூரிலிருந்து காட்டுவேலைக்குக் கொண்டுவரப்பட்டு, இன்று ‘ராஞ்சி’ என்ற பொதுப்பெயரால் சுட்டப்படும் மக்களின் மொழிகளும் உள்ளன. தமிழரிலும் வேலை தேடியும் வணிகம் நாடியும் சென்றோர் ஒருபுறம். 1964ஆம் ஆண்டின் சிறிமாவோ - சாஸ்திரி உடன்படிக்கைக்குப் பின் இலங்கையிலிருந்து வந்து கச்சால் தீவின் ரப்பர்த் தோட்டங்களில் குடியமர்த்தப்பட்டோர் மறுபுறம்.

இத்தனை மொழிகளுக்கிடையே பொதுமொழியாக நிற்பது இந்தி. எந்த ஒரு மொழியினரும் பெரும்பான்மையினர் அல்லர் என்பதும், இந்தியைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஐந்தில் ஒரு பங்கினர்கூட இல்லை என்பதும் இங்கு நோக்கத்தக்கவை. 1858இல் தொடங்கிய தண்டனைக் குடியேற்றத்தில், பல மொழி பேசிய கைதிகள் ஒருவரோடொருவர் பேசுவதற்கு வாய்த்த இந்துஸ்தானியே இதன் வேர். கட்டாயத்தின் பெயரால் ஒன்றுசேர்க்கப்பட்ட பெரியவர்களின் தொடர்புமொழி, சில தலைமுறைகளுக்குப் பின் விரும்பிக் கூடும் குழந்தைகளின் விளையாட்டு மொழியாகிவிட்டது. மொழித்தொடர்பு ஆய்வில் தனியே ஆராயத்தக்க செய்தி இது.

இச்சூழலில் வளரும் தமிழ்க் குழந்தைக்கு மூன்று வகைத் தமிழ் கிடைக்கக்கூடும். வீட்டுத் தமிழ் மூத்தோருக்கும் இளையோருக்கும் இடைப்பட்டது. அதில் ஏவலும் கொஞ்சலும் கடிதலும் மிகுதி. தமிழ்வழிப் பள்ளியிலோ பாடநூலிலோ கிடைப்பது எழுத்துத் தமிழ். மூன்றாவது, தொலைக்காட்சியும் கைப்பேசியும் தரும் தமிழ். ஒத்த வயதினர் ஒருவரோடொருவர் மோதியும் கெஞ்சியும் பேரம் பேசியும் கையாளும் கிடைநிலைத் தமிழ் முதலிரண்டிலும் இல்லை. தெருவில் அதன் இடத்தை இந்தி எடுத்துக்கொண்டுள்ளது. ஆகவே அதனைக் கேட்பதற்கு எஞ்சியிருக்கும் இடம், குழந்தைகள் விளையாடுவதைக் காட்டும் படங்களின் தமிழ் வடிவங்களே ஆகும். தமிழ்நாட்டுப் பார்வையாளருக்குப் பொழுதுபோக்காக உள்ள ஒரு மொழிமாற்றம், தீவுக் குழந்தைக்கு ஒரு வழக்கு வகையின் ஒரே மாதிரியாக அமைந்துவிடுகிறது. மொழிமாற்ற உரையாடல் எழுதுவோரில் இதனை நினைத்து எழுதுவோர் உளரா என்பது ஐயமே.

கட்டற்ற விளையாட்டு

இங்குக் ‘கட்டற்ற விளையாட்டு’ எனப்படுவது, குழந்தைகள் தாமே தேர்ந்து, தாமே விதி வகுத்து, பயன் கருதாது ஆடும் ஆட்டமாகும். கட்டற்றது என்பதனால் விதியற்றது என்று பொருளன்று. விதியைப் புறத்தார் விதிக்கவில்லை என்பதே பொருள். 1989ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் குழந்தை உரிமை உடன்படிக்கை தனது 31ஆம் பிரிவில் விளையாட்டைக் குழந்தையின் உரிமையாக ஏற்றது. இந்தியா 1992இல் அவ்வுடன்படிக்கையை ஏற்றது. அமெரிக்கக் குழந்தை மருத்துவக் கழகம் 2007இலும் 2018இலும் வெளியிட்ட அறிக்கைகள், இவ்வகை விளையாட்டு குழந்தையின் வளர்ச்சிக்கு இன்றியமையாதது என்று மருத்துவர்களுக்கு எடுத்துரைத்தன.

தமிழ் மரபில் இக்கருத்து புதியதன்று. சங்கப் பாடல்களில் சிறுமியர் மணலில் சிற்றில் இழைக்கின்றனர். சிறுவர் அதனைச் சிதைக்கின்றனர். கலித்தொகைக் குறிஞ்சிப் பாடல் ஒன்றில் சிற்றிலைக் காலால் சிதைத்த சிறுவனே பின்னர்க் காதலனாக வாயிலில் வந்து நிற்கிறான். பிள்ளைத்தமிழ் சிற்றிற் பருவத்தைப் பத்துப் பருவங்களுள் ஒன்றாக்கியது. அங்குப் பாட்டுடைத் தலைவனின் பெருமை அவன் கட்டியதில் இல்லை, சிதைத்ததில் உள்ளது என்பது சுவையான செய்தி. ஆனால் இருபதாம் நூற்றாண்டின் உரைநடை, விளையாட்டைப் பயனோடு சேர்த்தே பேசத் தலைப்பட்டது. தேவநேயப் பாவாணரின் ‘தமிழ்நாட்டு விளையாட்டுக்கள்’ போற்றத்தக்க தொகுப்பு. ஆடுவோரின் பாலையும் பகல் இரவுப் பொழுதையும் கொண்டு ஆட்டுகளைப் பகுத்த முறையும் தெளிவானது. அந்நூலும் ஆட்டின் தோற்றத்தையும் பயனையும் கூற வேண்டிய கடப்பாட்டை மேற்கொண்டது. ஆடுமுறையைப் பதிந்த அளவிற்கு, ஆடும்போது குழந்தைகள் பேசிய பேச்சைத் தமிழில் எவரும் விரிவாகப் பதியவில்லை. இங்கிலாந்தில் ஐயோனா ஓப்பி, பீட்டர் ஓப்பி இணையர் 1959இல் வெளியிட்ட பள்ளிக் குழந்தைகளின் வழக்காறும் மொழியும் பற்றிய நூல், ஆட்டத்தை இடையில் நிறுத்தக் குழந்தைகள் கூவும் ஒரு சொல்கூட வட்டாரந்தோறும் வேறுபடுவதைத் தொகுத்துக் காட்டியது. அத்தகைய தொகுப்பு இல்லாத குறை, இன்று மொழிமாற்றம் செய்வோரின் மேசையில் வந்து நிற்கிறது.

படங்கள் விளையாட்டை நோக்கும் முறை

குடும்பத்தோடு காணத்தக்கவை என்று கூறப்படும் அசைவூட்ட நகைச்சுவைகள் யாவும் விளையாட்டை ஒரே வகையாக நோக்குவதில்லை. 1995இல் வெளிவந்த ‘டாய் ஸ்டோரி’ பொம்மைகளின் நோக்கிலிருந்து விளையாட்டைப் போற்றிய படம். ஆனால் அப்படத்தில் மிகுந்த கட்டற்ற முறையில் விளையாடுபவன் சித் என்னும் அடுத்த வீட்டுச் சிறுவன். பொம்மைகளைப் பிரித்து வேறு வடிவில் பூட்டுபவன். படம் அவனையே தண்டிக்கிறது. 2014இல் வந்த ‘லெகோ மூவி’ ஒருவகையில் அதற்குரிய மறுமொழி. கட்டைகளைப் பசையிட்டு நிலைநிறுத்த விரும்பும் தந்தையையே அது எதிர்நிலையில் வைத்தது.

தமிழ்க் குழந்தைகளிடம் பெரிதும் பரவியவை தொலைக்காட்சித் தொடர்களே. சன் குழுமத்தின் சுட்டி டிவி 2007இல் தொடங்கியது. அதில் ஒளிபரப்பான ‘டோராவின் பயணங்கள்’ ஒரு தலைமுறையின் நினைவில் நிற்கிறது. சிவப்புக் காலணி அணிந்த குரங்கின் பெயர் மூலத்தில் காலணியையே குறிப்பது. தமிழில் அது ‘புஜ்ஜி’ ஆயிற்று. முதலொலியைக் காத்து, பொருளை விட்டு, வீட்டுச் செல்லப்பெயர் ஒன்றைச் சேர்த்த இப்பெயர், மொழிபெயர்ப்பு வகுப்புகளில் காட்டத்தக்க நல்ல சான்று. எனினும் டோராவின் உலகில் விளையாட்டு பாடத்தின் வேடமே. அவள் வினவுகிறாள்; காத்திருக்கிறாள்; விடை முன்கூட்டியே உறுதியானது. பல நாட்டு வடிவங்களில் மூலத்தின் ஸ்பானியம் இருந்த இடத்தில் ஆங்கிலம் கற்பிக்கப்பட்டது என்பதும் இதற்கு இயைந்ததே. டோரா பேசுவது ஆசிரியரின் மொழி. அவளுக்கு வயது ஏழு என்பது தற்செயல்.

ஐதராபாத்தின் கிரீன் கோல்ட் நிறுவனம் உருவாக்கி, 2008 முதல் போகோ அலைவரிசையில் வெளிவந்த ‘சோட்டா பீம்’ இதற்கு நேர் எதிரானதாகத் தோன்றும். டோலக்பூர் என்னும் கற்பனை ஊரில் குழந்தைகள் நாள் முழுதும் வெளியில் திரிகின்றனர். பெற்றோர் அரிதாகவே குறுக்கிடுகின்றனர். ஆயின் அங்கு விளையாட்டு விரைவில் போட்டியாகிறது, போட்டியில் பீம் வெல்கிறான், காலியா தோற்கிறான், வெற்றியை அரசன் ஏற்றுப் பாராட்டுகிறான். வெல்வோன் யார் என்பது தெரிந்த ஆட்டத்தில் விளையாட்டு எவ்வளவு எஞ்சும் என்பது கேள்விக்குரியது. பெயரளவில் ஒரு செய்தி: ‘சோட்டா’ என்னும் அடைமொழி தமிழில் மொழிபெயர்க்கப்படாமல் நின்றது. திருநெல்வேலிக் குழந்தைக்கு அது பெயரின் ஓர் ஒலி. டெலானிபூர்க் குழந்தைக்கு அது பொருள் விளங்கும் சொல். ‘மோட்டு பட்லு’ இணையரின் பெயர்களும் அவ்வாறே. ஒரே தமிழ் வடிவம் இரு கரைகளில் இருவேறு பனுவல்களாகிறது.

பிரிட்டனின் ஆர்ட்மன் நிறுவனம் 2007இல் தொடங்கிய ‘ஷான் த ஷீப்’ தொடரை மொழிபெயர்ப்பாளர் தொட வேண்டியதே இல்லை. அதில் பேச்சு இல்லை. உழவர் முதுகைத் திருப்பியவுடன் செம்மறிகள் ஆடத் தொடங்குகின்றன. முதற் கதையிலேயே முட்டைக்கோசு ஒன்று காற்பந்தாகிவிடுகிறது. மேற்பார்வை அகன்ற இடத்தில் விளையாட்டு பிறக்கிறது என்பதைச் சொல்லின்றிக் காட்டும் இத்தொடர், கட்டற்ற விளையாட்டின் இலக்கணத்திற்கு மிக நெருங்கியது. ஆனால் மொழி வேண்டி நிற்கும் குழந்தைக்கு அதனால் கிடைப்பது சிரிப்பு மட்டுமே.

எஞ்சுவது ‘ப்ளூயி’. ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேனில் உள்ள லூடோ ஸ்டுடியோவில் ஜோ பிரம் உருவாக்கி, 2018 அக்டோபர் 1 அன்று ஒளிபரப்புத் தொடங்கிய இத்தொடரின் கதைகள் பெரும்பாலும் ஏழு நிமிட அளவினவை. ஆறு வயது ப்ளூயியும் நான்கு வயது பிங்கோவும் நாய்க்குடும்பத்துச் சகோதரிகள். ஏறத்தாழ ஒவ்வொரு கதையும் ஒரு விளையாட்டு. நீல்சன் கணக்கின்படி 2024இல் அமெரிக்காவில் மட்டும் 5,500 கோடி நிமிடங்களுக்கு மேல் பார்க்கப்பட்ட தொடர் அது. திறனாய்வாளர் பலர் இத்தொடரின் தந்தையைப் புகழ்ந்துள்ளனர்; அவர் குழந்தைகளின் ஆட்டங்களுக்குள் தயங்காமல் நுழைபவர். அப்புகழ்ச்சி ஓரளவே பொருந்தும். தந்தை மிகுதியாக ஆடும் கதைகளில் நகைச்சுவை அவருடையதாகிறது. பார்க்கும் பெற்றோருக்காகவே எழுதப்பட்ட சாயல் தெரிகிறது. தொடரின் சிறந்த கதைகள் அவர் பின்வாங்கும் கதைகளே. மொழியியலாருக்கும் அவையே பயன்படுவன. ஏனெனில் அங்குத்தான் குழந்தைகள் ஒருவரோடொருவர் பேசுகின்றனர்.

‘ஆம்’ என்னும் ஒட்டு

பாவனை விளையாட்டைத் தொடங்கும் கூற்று எம்மொழியிலும் தனித்தன்மை உடையது. ஆங்கிலக் குழந்தை ‘பாவித்துக்கொள்’ எனப் பொருள்படும் வினையை முன்வைக்கிறது. பிரெஞ்சு, இத்தாலியக் குழந்தைகள் தொடர் இறந்தகால வினைவடிவைக் கையாள்கின்றனர்; அம்மொழிகளின் இலக்கணத்தார் அதனை விளையாட்டு இறந்தகாலம் என்றே குறிப்பர். தமிழ்க் குழந்தை இவ்விரண்டையும் செய்வதில்லை. ‘நான் டீச்சராம், நீ பிள்ளையாம்’, ‘நீ தூங்குவியாம், நான் வந்து எழுப்புவேனாம்’ என்று ‘ஆம்’ ஒட்டைச் சேர்க்கிறது.

பெரியவர் பேச்சில் இவ்வொட்டு பிறர் கூற்றைச் சுட்டுவது. ‘நாளைக்கு மழை பெய்யுமாம்’ என்பதில் செய்திக்குப் பொறுப்பாளர் பேசுபவர் அல்லர். தன்மை இடத்தோடு அது அரிதாகவே வரும். ‘நான் சொன்னேனாம்’ என்றால் பிறர் கட்டிய கதையை மறுக்கும் தொனி தோன்றும். விளையாட்டிலோ தன்மையும் எதிர்காலமும் ஒட்டும் இயல்பாக இணைகின்றன. ‘எழுப்புவேனாம்’ என்பதில் கூறிய பிறர் யார்? எவரும் இல்லை. இன்னும் நிகழாத ஒரு கதை அவ்வாறு கூறுகிறது. பாட்டி கூறும் கதையில் ‘ஒரு ராஜா இருந்தாராம்’ என வரும் ஒட்டும் இதுவே. கதைக்கும் விளையாட்டிற்கும் ஒரே உருபு வாய்த்திருப்பது தமிழ் மொழிபெயர்ப்பாளருக்குக் கிடைத்த பெரும்பேறு.

இதன் ஆற்றலை ஓர் எடுத்துக்காட்டால் உணரலாம். உருசிய உளவியலார் வைகாட்ஸ்கி விளையாட்டைப் பற்றிய தம் 1933ஆம் ஆண்டுச் சொற்பொழிவில், உண்மையிலேயே சகோதரிகளான இருவர் ‘சகோதரிகள்’ விளையாட்டு ஆடிய செய்தியை ஆராய்ந்தார். வாழ்வில் கவனிக்கப்படாத உறவு, விளையாட்டில் விதியாகிறது என்பது அவர் கண்ட முடிவு. உள்ளதையே பாவிக்கும் இந்நிலையைப் பிற மொழிகள் சுற்றி வளைத்தே கூற வேண்டும். தமிழில் ‘நாம அக்கா தங்கச்சியாம்’ என்றால் போதும். ஒரு சிறு ஒட்டு உறவை விதியாக்கிவிடும்.

மொழிமாற்ற உரையாடல்களில் இவ்விடம் ‘நீ நோயாளி மாதிரி நடி’, ‘அப்படி நினைச்சுக்கோ’ என அமைவது எளிதில் நேரும் பிழை. ‘நடி’ என்பது தமிழ் வழக்கில் பொய்ம்மைக் குறிப்புடையது. ‘நடிக்காதே’ என்பது கண்டனம். ‘நினைச்சுக்கோ’ என்பது மனத்திற்கு இடும் ஏவல். விளையாட்டிலோ எவரும் எவரையும் ஏமாற்றுவதில்லை. மனத்தை முயற்சியோடு வளைப்பதும் இல்லை. உதட்டசைவுக்கு ஏற்பச் சொல் சுருங்க வேண்டும் என்னும் நெருக்கடியும் ‘ஆம்’ ஒட்டிற்கே துணைநிற்கிறது. பொருளும் பொருந்தி, நீளமும் குறைந்து நிற்கும் வடிவை விட்டு நீண்ட வடிவை எடுப்பதற்குக் காரணம் ஒன்றே: மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத் தொடரைக் கேட்கிறார், பக்கத்து அறையில் ஆடும் குழந்தையைக் கேட்கவில்லை.

தீவுக் குழந்தைக்கு இங்கு என்ன நேர்கிறது? இந்தியில் பாவனை விளையாட்டு ‘ஆதல்’ பொருளுடைய ‘பன்னா’ வினையால் நிகழ்கிறது: நான் மருத்துவர் ஆகிறேன், நீ நோயாளி ஆகு என்பது அதன் அமைப்பு. அத்தெருவில் ஆடும் தமிழ்க் குழந்தை, பாட்டியின் கதையில் ‘ஆம்’ ஒட்டைக் கேட்கும், ஆட்டத்தில் கேட்காது. கதைக்கும் விளையாட்டிற்கும் உள்ள இலக்கண உறவு அக்குழந்தையின் தமிழில் அறுபட்டுப்போக இடமுண்டு. களஆய்வால் உறுதிசெய்யத்தக்க கருதுகோள் இது. அவ்வாய்வுக்கு டெலானிபூரினும் ஏற்ற களம் அரிது.

கல்லா மண்ணா

ப்ளூயியின் முதற் பருவத்தில், நிழல்மேல் மட்டுமே கால்வைத்து நடக்க வேண்டும் என விதி வகுத்துக்கொண்டு குழந்தைகள் ஆடும் கதை ஒன்று உண்டு. ஆட்டம் கடினமானவுடன் ஒருத்தி விதியைத் தளர்த்தக் கேட்கிறாள், ப்ளூயி மறுக்கிறாள், விதியே சுவை தருகிறது என்பது அவள் நிலை. கட்டற்ற விளையாட்டின் நடுநாடியைத் தொட்ட கதை அது. அதன் ஆங்கிலத் தலைப்பு ‘நிழல் நாடு’ எனப் பொருள்படும் கூட்டுச்சொல். அதனை அப்படியே பெயர்த்தால் தமிழில் பேய்க்கதையின் தலைப்பாகிவிடும்.

தமிழ்ச் சிறார் ஆட்டப் பெயர்களை நோக்கினால் ஓர் அமைப்பு புலப்படும்: கல்லா மண்ணா, பூவா தலையா, ஒத்தையா ரெட்டையா. இருபெயர் ஒவ்வொன்றும் வினா எழுத்து ஏற்று, விடை கூறப்படாத வினாவே ஆட்டத்தின் பெயராகிறது. ஆட்டத்தின் தன்மை முழுதும் இவ்வமைப்பில் அடங்கியுள்ளது. இரண்டில் ஒன்று, எது என்பது இனிமேல்தான். இவ்வமைப்பு இறந்துபட்டதன்று, புதிய பெயர்களைப் பிறப்பிக்கும் ஆற்றலுடையது. ‘நிழலா வெயிலா’ என்று தலைப்பிட்டால், கேட்ட நொடியிலேயே குழந்தை அதனை ஆட்டம் என்று அறியும். விதியைக்கூட விளக்க வேண்டா.

ஆட்டச் செயல்களைத் தாமே நிகழ்த்தும் சொற்கள் வேறொரு வகை. சொல்லுவதே செய்வதாகும் கூற்றுகளை ஆஸ்டின் ஆராய்ந்தபோது திருமணமும் பந்தயமும் கப்பலுக்குப் பெயரிடுதலும் அவர்க்கு எடுத்துக்காட்டுகளாயின. ‘ஜூட்’ என்றால் ஆட்டம் தொடங்கிற்று. ‘டூ’ என்றால் நட்பு முறிந்தது. ‘பழம்’ என்றால் ஒட்டிற்று. இவற்றுக்கு அதிகாரம் தருபவர் பதிவாளர் அல்லர், ஆடுவோர் மட்டுமே. ‘சாட் பூட் த்ரீ’ என்பதை ஆங்கிலச் சிதைவென்று ஒதுக்கித் தூய வடிவம் தேடும் மொழிபெயர்ப்பாளர், அது மூன்று தலைமுறைத் தமிழ்க் குழந்தைகளின் சட்டச்சொல் என்பதை மறக்கிறார். தூய்மை பேண வேண்டிய இடங்கள் பல உண்டு. இது அவற்றுள் ஒன்றன்று.

‘ஒப்புக்குச் சப்பாணி’ என்னும் வழக்கு தனிக் கவனத்திற்குரியது. ஆட வயது போதாத இளையதை விலக்காமல், ஆனால் அதன் தோல்வியைக் கணக்கில் கொள்ளாமல் சேர்த்துக்கொள்ளும் நிலை அது. வங்காளத்தில் ‘தூத்-பாத்’, அதாவது பால்சோறு. இந்தி வழக்கில் ‘கச்சா நிம்பு’, அதாவது காய் எலுமிச்சை. ஒரே சமூக ஏற்பாட்டிற்கு ஒருமொழி குழந்தை உணவையும், ஒருமொழி பழுக்காத கனியையும், தமிழ் உடற்குறையையும் உவமையாகக் கொண்டன. தமிழ் வழக்கில் உள்ள உடற்குறைச் சுட்டு இன்று ஏற்கத்தக்கதன்று எனக் கருதும் மொழிபெயர்ப்பாளர் அதனைத் தவிர்ப்பது முறையே. தவிர்ப்பவர் ஏற்பாட்டையும் சேர்த்து விட்டுவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். நான்கு வயது பிங்கோ அக்காவின் ஆட்டத்தில் எந்த நிலையில் சேர்க்கப்படுகிறாள் என்பதே பல கதைகளின் நகைச்சுவைக்கு அடிப்படை. டெலானிபூர்ச் சிறுவர் கூட்டத்தில் இம்மூன்று பெயர்களும் அறிந்த குழந்தைகள் அருகருகே நிற்கக்கூடும் என்பதையும் நினைவிற் கொள்ளலாம்.

விளிமுறை

ஆங்கிலத்தில் முன்னிலை ஒன்றே. தமிழில் நீ, நீங்க, வாடா, வாடி, வாங்க என விரியும் அமைப்பு மொழிபெயர்ப்பாளருக்குச் சுமை என்பர். விளையாட்டுக் காட்சிகளில் அது சுமையன்று. மூலத்தில் இல்லாத ஊதியம். தந்தையை விருந்தினராக்கிக் குழந்தைகள் தங்கும் விடுதி நடத்தும் ப்ளூயிக் கதையை எண்ணுக. வீட்டில் ‘அப்பா, வா’ என அழைக்கும் குழந்தை, விடுதியாளர் ஆனவுடன் ‘வாங்க சார்’ என்கிறது. ஆட்டம் குலைந்ததும் ‘போப்பா’ என்கிறது. ஆட்டத்திற்குள் நுழைந்ததும் வெளியேறியதும் வினைமுற்றின் விகுதியிலேயே கேட்கும். மூலத்தில் குரலின் ஏற்ற இறக்கத்தால் மட்டும் உணர்த்தப்படுவது தமிழில் இலக்கணமாகிறது. கதை முழுதும் ஒரே விளியைச் சீராகப் பேணுவது ஒழுங்கு போலத் தோன்றினும் அது இழப்பே.

மாறாக, இன்று தமிழ் மொழிமாற்றங்களில் பரவியுள்ள உத்தி வேறு. திரைப்பட நகைச்சுவை நடிகர்களின் பெயர்பெற்ற வசனங்களும் குரல்வளமும் குழந்தைப் பாத்திரங்களின் வாயில் வைக்கப்படுகின்றன. அவை சிரிப்பை எழுப்புகின்றன என்பதை மறுப்பதற்கில்லை. வட்டார வழக்குகளுக்குத் திரையில் இடம் கிடைத்தது என்பதும் நன்றே. ஆனால் அச்சிரிப்பு வசனத்தை முன்பே அறிந்தவரின் சிரிப்பு; அடிபட்டவன், அடித்தவன், ஏமாந்தவன் என்னும் பெரியவர் உலகின் உறவுகள் அதில் உடன்வருகின்றன. ஆறு வயதுப் பாத்திரம் நாற்பது வயதுத் தோல்வியாளரின் அலுப்போடு பேசுகிறது. அப்படத்தைத் தவிர வேறெங்கும் ஒத்த வயதினர் தமிழ் கேளாத குழந்தை அதனையே விளையாட்டுத் தமிழ் என்று கற்கும்.

முகாமில் ஒரு நண்பன்

இவ்வாய்வுக்கு மிக அணுக்கமான கதை, ப்ளூயியின் முதற் பருவத்தில் வரும் ‘கேம்பிங்’. குடும்பத்தோடு முகாமிடச் சென்ற இடத்தில் ப்ளூயி ழான்-லூக் என்னும் சிறுவனைக் காண்கிறாள். அவன் கனடாவைச் சேர்ந்தவன். பிரெஞ்சு மட்டுமே பேசுகிறான். அவன் பேச்சுக்கு மொழிபெயர்ப்பு எழுத்துகள் தரப்படுவதில்லை. ப்ளூயி அறியாததைப் பார்க்கும் குழந்தையும் அறியாது. இருவரும் குடில் கட்டுகின்றனர், விதை ஊன்றுகின்றனர், காட்டுப்பன்றியாகிய தந்தையைப் பிடிக்கத் திட்டமிடுகின்றனர். ஒரு சொல்லும் பொதுவாக இல்லாத இடத்தில் விதிகள் வகுக்கப்படுகின்றன. பின்னர் அவன் குடும்பம் ஊர் திரும்பிவிடுகிறது. ஆண்டுகள் கழிந்து, வளர்ந்த ப்ளூயி அவர்கள் ஊன்றிய விதை மரமாகி நிற்க, அதன் நிழலில் அமர்ந்திருக்கிறாள். அவள் பெயரைச் சொல்லி அழைக்கும் ஒரு குரல், இம்முறை அவள் மொழியில் கேட்கிறது.

இக்கதையைத் தமிழாக்க முற்படுபவர் முதலில் தீர்மானிக்க வேண்டியது ழான்-லூக்கின் மொழி. பிரெஞ்சை அவ்வாறே விடலாம். பெரும்பாலான தமிழ்க் குழந்தைகளுக்கு அது அறியா மொழியே ஆதலின் கதையின் பொறி இயங்கும். புதுச்சேரியில் சிலருக்கு மட்டும் இயங்காது. இந்தியை வைத்தால் சென்னையில் ஓரளவு இயங்கி, டெலானிபூரில் முற்றும் செயலிழக்கும். அங்கு இந்தி அறியா மொழியன்று, ஆட்டத்தின் மொழியே அதுதான். நிக்கோபாரியை வைத்தால் கார் நிக்கோபாரிலிருந்து நகருக்கு வந்து படிக்கும் ஒரு சிறுவன் கதைக்குள் வந்துவிடுவான். தீவுப் பார்வையாளருக்கு அதனினும் உண்மையான தேர்வு இல்லை. ஆனால் வணிக நோக்கில் ஒரே தமிழ் வடிவம் எல்லாக் கரைகளுக்கும் செல்ல வேண்டியிருத்தலின் பிரெஞ்சே நிலைக்கும் எனலாம்.

இறுதிக் காட்சி இதனினும் கடினமானது. மூலத்தில் அச்சிறுவன் பெரும்பான்மையோரின் மொழியைக் கற்று வருகிறான். அது உலக வழக்கு. தமிழ் வடிவில் அவன் கற்று வருவது தமிழாக இருக்கும். அந்தமானில் பிறர் மொழியைக் கற்றுக்கொண்டு ஆட்டத்தில் சேர்பவர் தமிழ்க் குழந்தைகள். அவர்களை நாடி ஒருவன் தமிழ் கற்று வருவது அக்குழந்தைகள் திரையில் முதன்முறை காணும் செய்தியாக இருக்கக்கூடும். அவன் வாயில் வைக்கவேண்டியது முகமனும் பெயருமாக இரண்டே சொற்கள். ‘வணக்கம்’ என்றால் அது மேடையின் சொல். பாடநூலில் தமிழ் கற்ற அயலான் என்னும் பொருள் தரும். ‘என்ன ப்ளூயி’ என்றால், முன்பே அவளோடு தமிழில் ஆடியவன் என்றாகும். பாத்திரத்தின் வரலாற்றுக்கு முன்னது பொருந்துகிறது. கேட்கும் குழந்தைக்குப் பின்னது வேண்டும். உதட்டசைவு இரண்டிற்கும் இடம் தருகிறது.